பல் தேய்க்கும்போது ரத்தம் வருதா? ஈறு வீக்கத்துல ஆரம்பிச்சு எலும்பு கரையுற வரைக்கும் நடக்குறது என்ன

காலைல பல் தேய்ச்சு துப்பும்போது நுரையோட லேசா சிவப்பு கலந்து வருது, நிறைய பேர் அதப் பாத்துட்டு பிரஷ் கொஞ்சம் அழுத்திப் பட்டுருச்சு போலன்னு நினைச்சு வாயக் கொப்பளிச்சிட்டு போயிடறாங்க. வலி இல்ல, சாப்பிட முடியுது, கண்ணாடில பாத்தா பெருசா ஒண்ணும் தெரியல, அப்புறம் எதுக்கு டாக்டர்னு தோணறது இயல்புதான். ஆனா நல்லா இருக்குற ஈறு சாதாரணமா பிரஷ் பட்டதுக்கெல்லாம் ரத்தம் விடாது. ரத்தம் வருதுன்னா அங்க ஏற்கனவே அழற்சி இருக்குன்னு அர்த்தம். அந்தக் கட்டத்துல கவனிச்சா ஈறு முழுசா பழைய நிலைக்கு வந்துரும், அதத் தாண்டி பல்லத் தாங்குற எலும்பு கரைய ஆரம்பிச்சிட்டா போனது போனதுதான், மேற்கொண்டு போகாம நிறுத்தத்தான் பெரும்பாலும் முடியும். இந்த ரெண்டு நிலைக்கும் நடுவுல இருக்குற வித்தியாசம் தெரியாமயே நிறைய பேர் பல்ல இழக்கறாங்க, அதனாலதான் இத இவ்வளவு விரிவா எழுதறேன்.

முதல்ல இது எங்க இருந்து வருதுன்னு பாக்கலாம். பல் மேல எப்பவும் ஒரு மெல்லிய வழவழப்பான படலம் படியும், பல் டாக்டருங்க பிளாக்னு சொல்றது இதத்தான். 1683ல ஹாலந்துல ஆண்டனி வான் லேவன்ஹூக் தன்னோட பல்லுல இருந்து இந்தப் படலத்த சுரண்டி எடுத்து, தானே செஞ்ச மைக்ராஸ்கோப்புல வச்சுப் பாத்தப்ப அதுக்குள்ள குட்டிக் குட்டி உயிர்கள் நெளியறதப் பாத்து லண்டன் ராயல் சொசைட்டிக்கு லெட்டர் எழுதினாரு, பாக்டீரியாவப் பத்தி மனுஷன் எழுதி வச்ச ஆரம்ப காலக் குறிப்புகள்ல அதுவும் ஒண்ணு. மனுஷங்க வாய்ல மொத்தமா சுமார் 700 வகை பாக்டீரியா வரைக்கும் இதுவரை கண்டுபிடிச்சிருக்காங்க, இதுல பெரும்பாலானது நமக்கு எந்தக் கெடுதலும் பண்ணாது. பல் தேய்ச்சு முடிச்ச கொஞ்ச நேரத்துலயே எச்சில்ல இருக்குற புரோட்டீன் பல் மேல படியும், அது மேல பாக்டீரியா ஒட்டும், ரெண்டு மூணு நாள் அசைக்காம விட்டா அடுக்கு தடிமனாகி உள்பக்கம் ஆக்சிஜனே போகாது, அப்பதான் ஆக்சிஜன் இல்லாம வாழுற வில்லங்கமான வகைகள் பெருக ஆரம்பிக்கும். இதுங்க தனித்தனியா மிதக்கறது இல்ல, ஒரு பசையச் சுரந்து அதுக்குள்ள ஒண்ணா ஒட்டிக்கிட்டு இருக்கும். அதனாலதான் மவுத்வாஷ் மட்டும் ஊத்திக் கொப்பளிச்சா போறது இல்ல, ஆன்டிபயாடிக் மாத்திரையும் தனியா பெருசா உதவாது, எதையாவது வச்சுத் தேய்ச்சு உடைச்சு எடுத்தே ஆகணும்.

அந்தப் படலத்த அப்படியே விட்டா எச்சில்ல இருக்குற கால்சியம், பாஸ்பேட் எல்லாம் அதுல இறங்கி கல்லு மாதிரி இறுகிடும். அதுதான் பல் காரை. முக்கியமா கீழ்ப்பல் வரிசைல முன்பக்கப் பல்லோட உள்பக்கமும், மேல கடவாய்ப் பல்லோட கன்னத்துப் பக்கமும் சீக்கிரம் படியும், ஏன்னா எச்சில் சுரப்பிகளோட வாய் அங்கதான் திறக்குது. காரை ஒருவாட்டி இறுகிட்டா பிரஷ்ஷால எடுக்க முடியாது. காரையே நேரா ஈற அரிக்கிறதுன்னு சொல்லிட முடியாது, அதோட சொரசொரப்பான மேற்பரப்புல புதுசு புதுசா பிளாக் ஒட்டிக்கிட்டே இருக்கும், அதத்தான் சுத்தம் பண்ண முடியாமப் போகுது.

பிளாக்தான் ஈறு வீக்கத்துக்குக் காரணம்னு சந்தேகமே இல்லாம காட்டினது 1965ல டென்மார்க்குல ஹரால்ட் லோவும் அவரோட சகாக்களும் வெளியிட்ட ஒரு ஆராய்ச்சி. ஆரோக்கியமான ஈறு இருந்த 12 பேர பல் தேய்க்கறத சுத்தமா நிறுத்தச் சொன்னாங்க, 10 நாள்ல இருந்து 21 நாளுக்குள்ள ஒருத்தர் விடாம எல்லாருக்கும் ஈறு சிவந்து வீங்கிருச்சு. திரும்பப் பல் தேய்க்க ஆரம்பிக்கச் சொன்னாங்க, சுமார் ஒரு வாரத்துல எல்லாம் சரியாயிருச்சு. எனக்கு இதுல பெருசா படறது அந்த ரெண்டாவது பாதிதான், மருந்து இல்ல, ஊசி இல்ல, படலத்த எடுத்ததும் உடம்பு தானா ஆத்திக்கிச்சு.

சரி, உள்ள என்ன நடக்குது? ஈறும் பல்லும் சேர்ற இடத்துல ஒரு குட்டிப் பள்ளம் இருக்கும், நல்லா இருக்குறவங்களுக்கு 1ல இருந்து 3 மில்லிமீட்டர் ஆழம். அதுக்குள்ள பிளாக் சேர்ந்ததும் பாக்டீரியா வெளியிடுற நச்சுகளுக்கு எதிரா உடம்பு ரத்தத்துல இருக்குற வெள்ளை அணுக்கள அங்க அனுப்பும், அதுக்காக ரத்தக் குழாய்கள் விரியும், ஈறு சிவந்து உப்பும், பள்ளத்தோட உள்பக்கத் தோல் மெலிஞ்சு அங்கங்க புண்ணாயிடும். வெளிய இருந்து பாத்தா அந்தப் புண் தெரியாது, பிரஷ் நுனி பட்டதும் ரத்தம் மட்டும் வரும். ரத்தம் வருதேன்னு பயந்து நிறைய பேர் அந்த இடத்த மட்டும் தொடாம விட்டுட்டு மத்த இடத்தத் தேய்ப்பாங்க, அப்ப அங்க பிளாக் இன்னும் அதிகமா சேர்ந்து அழற்சி இன்னும் கூடி ரத்தம் இன்னும் அதிகமா வரும். மென்மையான பிரஷ்ஷால அந்த இடத்தத்தான் இன்னும் பொறுமையா சுத்தம் பண்ணணும், பெரும்பாலானவங்களுக்கு ஒரு வாரம் பத்து நாள்ல ரத்தம் குறையறது கண்ணுக்கே தெரியும். அப்படிக் குறையலன்னா உள்ள காரை இருக்கு, இல்லன்னா வேற ஏதோ இருக்குன்னு அர்த்தம், டாக்டர்கிட்ட போகணும்.

இந்த நிலை மாசக்கணக்கா வருஷக்கணக்கா ஓடினா சிலருக்கு அடுத்த கட்டம் வரும். பல் எலும்புக்குள்ள நேரா சிமெண்ட் போட்டு நட்ட மாதிரி இல்ல, வேருக்கும் எலும்புக்கும் நடுவுல மெல்லிய நார்கள் இருக்கு, அதுல தொங்கிட்டுதான் பல் நிக்குது. அழற்சி அந்த நார்கள் வரைக்கும் இறங்கினா நார் அறுந்து பள்ளம் ஆழமாகும், 4 மில்லிமீட்டர், 5 மில்லிமீட்டர்னு போகும், எலும்பும் மேல இருந்து கரைய ஆரம்பிக்கும். இதுல கவனிக்க வேண்டியது என்னன்னா எலும்ப பாக்டீரியா நேரா தின்னுறது இல்ல, பாக்டீரியாவ விரட்ட உடம்பு நடத்துற சண்டைலதான் எலும்பக் கரைக்கிற செல்கள் தூண்டப்பட்டு வேலைய ஆரம்பிக்குது. இந்த ஆழமான பள்ளங்கள்ல போர்ஃபிரோமோனாஸ் ஜின்ஜிவாலிஸ், டேனரெல்லா ஃபோர்சிதியா, ட்ரெபோனிமா டென்டிகோலான்னு மூணு பாக்டீரியா சேர்ந்தே இருக்கறதப் பாத்து 1998ல சோக்ரான்ஸ்கியும் சக ஆராய்ச்சியாளர்களும் அதுக்கு சிவப்புக் கூட்டம்னு பேர் வச்சாங்க. இந்தக் கட்டத்துலயும் பெருசா வலி இருக்காதுங்கிறதுதான் கொடுமை. ஈறு கீழ இறங்கி பல் நீளமாத் தெரியறது, முன்ன இல்லாத இடைவெளி பல்லுக்கு நடுவுல வர்றது, எவ்வளவு தேய்ச்சாலும் வாய் நாத்தம் போகாம இருக்கறது, ஈற அழுத்தினா சீழ் வர்றது, கடைசியா பல் ஆடறது, இப்படித்தான் அடையாளம் தெரியும். பல் ஆடற வரைக்கும் காத்திருந்தா பாதி எலும்பு போயிருக்கலாம்.

உலக சுகாதார நிறுவனம் 2022ல வெளியிட்ட அறிக்கைப்படி உலகத்துல சுமார் 100 கோடி பேருக்கு தீவிர ஈறு நோய் இருக்கு, இவ்வளவு பரவலான வியாதி அதிகம் இல்ல.

ஆனா ஈறு வீங்கின எல்லாருக்கும் எலும்பு கரையுமான்னா இல்ல. இதுக்கு விடை கொடுத்ததும் அதே லோவோட குழுதான். 1970ல ஆரம்பிச்சு 15 வருஷம் இலங்கைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்கள் 480 ஆண்களத் தொடர்ந்து பாத்தாங்க, அவங்களுக்கு பல் மருத்துவமும் கிடையாது, நாம சொல்ற மாதிரியான பல் சுத்தமும் கிடையாது, எல்லாருக்கும் காரையும் ஈறு வீக்கமும் இருந்துச்சு. 1986ல முடிவ வெளியிட்டாங்க. அதுல சுமார் 8 சதவீதம் பேருக்கு நோய் வேகமா முத்தி பல் விழுந்துச்சு, 81 சதவீதம் பேருக்கு மெதுவா முன்னேறுச்சு, 11 சதவீதம் பேருக்கு ஈறு வீக்கத்தோடயே நின்னுருச்சு. வாய்ல அழுக்கு எல்லாருக்கும் ஒரே மாதிரிதான், ஆனா உடம்பு அதுக்குக் காட்டுற எதிர்ப்பு ஆளுக்கு ஆள் வேற. ஒரே வீட்ல ஒருத்தர் சரியாவே பல் தேய்க்காம அறுபது வயசுல எல்லாப் பல்லோடயும் இருப்பாரு, இன்னொருத்தர் ஒழுங்கா தேய்ச்சும் நாப்பதுல பல்ல இழப்பாரு, அதுக்கு இதுதான் விளக்கம். நமக்கு எந்த உடம்புன்னு முன்கூட்டியே தெரியாதுங்கிறதால அந்த அறுபது வயசுக்காரர் மாதிரி நாம தப்பிச்சிடுவோம்னு நம்பி விட்டுடறது ரொம்ப ஆபத்தான பந்தயம். அப்பா அம்மாவுக்கு சின்ன வயசுலயே பல் ஆடி விழுந்திருந்தா நீங்க இன்னும் சீக்கிரமாவே காட்டிக்கங்க.

எதிர்ப்ப மாத்துற காரணங்கள்ல ரெண்டு முக்கியமானது புகைபிடிக்கறதும் சர்க்கரை வியாதியும். புகைபிடிக்கறவங்களுக்கு நோய் அதிகம், சிகிச்சைக்கு ஆறுறதும் குறைவு, இதோட சேர்த்து இன்னொரு ஆபத்தும் இருக்கு. புகை ஈறுல அழற்சியோட வெளி அடையாளங்கள அமுக்கிடும், சிவப்பும் தெரியாது, ரத்தமும் அவ்வளவா வராது. அதாவது முதல் எச்சரிக்கையே அவங்களுக்குக் கேக்காது, உள்ள எலும்பு போயிட்டே இருக்கும். சிலர் புகைய நிறுத்தினதும் கொஞ்ச நாள்ல ஈறுல ரத்தம் வர்றதப் பாத்து நிறுத்தினதாலதான் இப்படி ஆச்சுன்னு நினைச்சுடறாங்க, அப்படி இல்ல, மறைஞ்சிருந்தது வெளிய தெரியுது, ஈறு திரும்ப உயிரோட வேலை செய்யுதுன்னு எடுத்துக்கணும்.

சர்க்கரை வியாதியோட உறவு ரெண்டு பக்கமும் ஓடுது. சர்க்கரை கட்டுப்பாட்டுல இல்லன்னா ஈறு நோய் வேகமா முத்தும், ஈறுல நாள்பட்ட அழற்சி இருந்தா இன்சுலின் சரியா வேலை செய்யாம சர்க்கரை கட்டுப்படறது கஷ்டமாகும். ஈறு நோய சர்க்கரை வியாதியோட ஆறாவது சிக்கல்னு 1993லயே லோ எழுதினாரு. ஈறுக்கு ஒழுங்கா சிகிச்சை எடுத்தவங்களுக்கு மூணு நாலு மாசத்துல எச்பிஏ1சி (கடந்த ரெண்டு மூணு மாசத்து சராசரி ரத்த சர்க்கரையக் காட்டுற பரிசோதனை) அளவு 0.4 சதவீதம் போல குறையறதா பல ஆராய்ச்சிகளத் தொகுத்துப் பாத்து சொல்லியிருக்காங்க, கேக்க சின்ன எண்ணா இருக்கும், ஆனா கூடுதலா ஒரு மாத்திரை சேர்க்கறதுக்குப் பக்கத்துல வர்ற பலன் அது. சர்க்கரைக்குப் பாக்குற டாக்டர் கண்ணயும் காலயும் பாக்கச் சொல்ற மாதிரி வாயயும் பாக்கச் சொல்லணும்னு நான் உறுதியா நினைக்கறேன். இதய நோய் விஷயத்துல மட்டும் கொஞ்சம் நிதானம் வேணும், ஈறு நோய் இருக்கறவங்களுக்கு இதய நோயும் அதிகமா இருக்குன்னு தெரியும், ஆனா ஒண்ணாலதான் இன்னொண்ணு வருதுன்னு நிரூபணம் ஆகலன்னு அமெரிக்க இதய சங்கம் 2012ல தெளிவா சொல்லிச்சு, பல்லு க்ளீன் பண்ணா ஹார்ட் அட்டாக் வராதுன்னு யாராவது சொன்னா அப்படியே நம்பிடாதீங்க.

கர்ப்ப காலத்துல ஹார்மோன் மாறறதால கொஞ்ச பிளாக்குக்கே ஈறு அதிகமா வீங்கி ரத்தம் வரும், சிலருக்கு பல்லுக்கு நடுவுல சின்ன சிவப்புக் கட்டி மாதிரியே வரும், பெரும்பாலும் பிரசவத்துக்கு அப்புறம் சுருங்கிடும். கர்ப்பமா இருக்கும்போது பல் டாக்டர்கிட்ட போகக் கூடாதுன்னு ஒரு பயம் நிறைய பேருக்கு இருக்கு, க்ளீனிங் பண்றது பாதுகாப்பானதுதான், கர்ப்பம்னு முன்னாடியே சொல்லிட்டா போதும். சில மருந்துகளும் ஈற தடிக்க வைக்கும், வலிப்புக்குக் கொடுக்குற ஃபெனிடாயின், ரத்த அழுத்தத்துக்குக் கொடுக்குற நிஃபெடிபின், அம்லோடிபின், உறுப்பு மாற்று சிகிச்சைக்கு அப்புறம் கொடுக்குற சைக்ளோஸ்போரின் இதெல்லாம் அந்த வகை. ஈறு வளர்ந்து பல்ல மூடற மாதிரி வந்தா மாத்திரைய நீங்களா நிறுத்திடாதீங்க, எழுதிக் கொடுத்த டாக்டர்கிட்ட பேசுங்க, மாத்து மருந்து இருக்கும்.

ரத்தம் வர்றது எல்லாமே பிளாக்கால மட்டும்தான்னும் இல்ல. வைட்டமின் சி ரொம்பக் குறைஞ்சா ஈறு பஞ்சு மாதிரி வீங்கி ரத்தம் கசியும், மாசக்கணக்கா கடல்ல இருந்த மாலுமிங்க இதால கூட்டம் கூட்டமா செத்திருக்காங்க, 1747ல பிரிட்டிஷ் கடற்படை டாக்டர் ஜேம்ஸ் லிண்ட் 12 மாலுமிகள ரெண்டு ரெண்டு பேரா பிரிச்சு சோதிச்சப்ப ஆரஞ்சும் எலுமிச்சையும் சாப்பிட்ட ரெண்டு பேர்தான் சீக்கிரம் தேறினாங்க. இப்ப இது அரிது. ஆனா நல்லா இருந்த ஈறு திடீர்னு சில வாரத்துல எல்லாப் பக்கமும் வீங்கி, தேய்க்காமயே ரத்தம் வந்து, கூடவே சோர்வு, காய்ச்சல், உடம்புல காரணமில்லாம நீலத் திட்டு இதெல்லாம் இருந்தா உடனே ரத்தப் பரிசோதனை பண்ணணும், சில வகை ரத்தப் புற்றுநோயோட முதல் அடையாளமே ஈறுல தெரியலாம்.

வலியே இல்லாம வர்ற ஈறு நோய்க்கு நேர் எதிரா, திடீர்னு தாங்க முடியாத வலியோட வர்ற ஒண்ணும் இருக்கு. பல்லுக்கு நடுவுல இருக்குற ஈறு நுனி அழுகி வெட்டுப்பட்ட மாதிரி ஆகும், சாம்பல் நிறத்துல படலம் இருக்கும், நாத்தம் கடுமையா அடிக்கும். முதல் உலகப் போர்ல பதுங்கு குழிகள்ல இருந்த சிப்பாய்களுக்கு நிறைய வந்தது இதுதான், தூக்கமின்மை, மன அழுத்தம், புகை, சத்துக் குறைவு எல்லாம் சேர்ந்தா வரும். சிகிச்சைக்கு வேகமா அடங்கும். இதே மாதிரி அழுகல் சத்துக்குறைவான சின்னக் குழந்தைங்களுக்கு வந்து கன்னத்தயும் தாடையயும் அரிச்சா அதுக்குப் பேர் நோமா. சிகிச்சை கிடைக்கலன்னா 90 சதவீதம் வரைக்கும் உயிர் போகும், ஆரம்பத்துல சாதாரண ஆன்டிபயாடிக்கும் நல்ல சாப்பாடும் கொடுத்தா நிறுத்திடலாம். இவ்வளவு எளிமையா தடுக்கக்கூடிய ஒண்ண 2023 டிசம்பர்லதான் உலக சுகாதார நிறுவனம் புறக்கணிக்கப்பட்ட வெப்பமண்டல நோய்கள் பட்டியல்ல சேர்த்துச்சு. அந்தக் குழந்தைங்களுக்கும் இது ஈறு வீக்கமாத்தான் ஆரம்பிக்குது.

வாய்ப்புண் தனிக் கதை. அடிக்கடி வந்து வந்து போற சின்ன வட்டப் புண் ஒட்டு நோய் இல்ல, ஒண்ணு ரெண்டு வாரத்துல தானா ஆறும், அடிக்கடி வந்தா இரும்புச்சத்து, பி12, ஃபோலேட் குறைவான்னு பாக்கணும். சின்னக் குழந்தைக்கு காய்ச்சலோட ஈறு முழுக்க சிவந்து குட்டிக் கொப்புளங்கள் வந்தா அது பெரும்பாலும் ஹெர்பிஸ் வைரஸ், ரெண்டு வாரம் போல இருக்கும், தண்ணி குடிக்காம உடம்பு வத்திப் போகாம பாத்துக்கறதுதான் முக்கியம். நாக்குல கன்னத்துல தயிர் படிஞ்ச மாதிரி வெள்ளையா வந்து தொடைச்சா வந்துருதுன்னா பூஞ்சை, ஸ்டீராய்டு இன்ஹேலர் எடுக்கறவங்க எடுத்ததும் வாய் கொப்பளிச்சா இது குறையும். தொடைச்சாலும் போகாத வெள்ளைத் திட்டு, சிவப்புத் திட்டு, ரெண்டு வாரத்துக்கு மேல ஆறாத புண், இதெல்லாம் இருந்தா தள்ளிப் போடவே கூடாது, அதுவும் புகையிலையோ பாக்கோ போடறவங்களா இருந்தா கட்டாயம் காட்டணும். பாக்கு தனியாவே புற்றுநோய் உண்டாக்கும், வாய் திறக்கறதும் கொஞ்சம் கொஞ்சமா குறைஞ்சிட்டே வரும்.

இனி சிகிச்சை. டாக்டர் மெல்லிய அளவு கம்பிய வச்சு ஒவ்வொரு பல்லுக்கும் ஆறு இடத்துல பள்ளத்தோட ஆழத்த அளப்பாரு, தேவைப்பட்டா எக்ஸ்ரே எடுத்து எலும்பு எவ்வளவு இருக்குன்னு பாப்பாரு. ஈறு வீக்கம் மட்டும்னா ஸ்கேலிங் பண்ணிக் காரைய எடுத்துட்டா போதும். பள்ளம் ஆழமா இருந்தா மரத்துப் போக ஊசி போட்டு ஈறுக்கு அடில வேர் மேல இருக்குற காரையும் எடுக்கணும், அதுக்கும் அடங்காத இடங்கள்ல ஈற லேசா திறந்து சுத்தம் பண்ற ஆபரேஷன் தேவைப்படலாம்.

ஸ்கேலிங் பண்ணா பல் லூசாயிடும்னு சொல்றதக் கேட்டு வருஷக்கணக்கா தள்ளிப் போடறவங்க ஏராளம், இது எனக்கு ரொம்ப வருத்தமான விஷயம். உண்மைல நடக்கறது என்னன்னா எலும்பு ஏற்கனவே போயிருக்கும், காரை பல்லோட பல்ல ஒட்டிப் பிடிச்சிருக்கும், வீங்கின ஈறு இடைவெளிய மூடியிருக்கும், க்ளீன் பண்ணதும் வீக்கம் வடிஞ்சு இடைவெளி வெளிய தெரியும், கொஞ்ச நாள் பல் கூசும். நோய் செஞ்ச சேதத்துக்கு பழி சிகிச்சை மேல விழுது. காரைய விட்டு வச்சா பல் உறுதியா இருக்கற மாதிரி தோணும், உள்ள எலும்பு கரையறது நிக்காது.

வீட்ல செய்யறதுக்குப் பெரிய செலவெல்லாம் இல்ல. மென்மையான பிரஷ்ஷ ஈறும் பல்லும் சேர்ற கோட்டுல 45 டிகிரி சாய்ச்சு வச்சு, அங்கயே சின்னச் சின்னதா அசைச்சு, ரெண்டு நிமிஷம், ஒரு நாளைக்கு ரெண்டு வேளை, ராத்திரி தேய்க்கறத விடவே கூடாது. அழுத்தித் தேய்ச்சா சுத்தமாகும்னு இல்ல, ஈறுதான் இறங்கும். பிரஷ் பல்லுக்கு நடுவுல போகாது, நோய் பெரும்பாலும் அங்கதான் ஆரம்பிக்குது, அதனால இடைவெளி இருக்கறவங்க அதுக்குன்னு வர்ற குட்டி பிரஷ்ஷயும் நெருக்கமான பல் இருக்கறவங்க ஃப்ளாஸ் நூலயும் பழகிக்கங்க. குளோர்ஹெக்சிடின் மவுத்வாஷ் நல்லா வேலை செய்யும், ஆனா ரெண்டு வாரத்துக்கு மேல போனா பல்லுல பழுப்புக் கறை பிடிக்கும், ருசி மாறும், டாக்டர் சொன்ன நாளோட நிறுத்திடணும்.

எலும்பு வரைக்கும் போன நோய் ஒருவாட்டி க்ளீன் பண்ணதோட முடியாது. சுத்தம் பண்ண பள்ளத்துல சில மாசத்துல அதே பாக்டீரியா திரும்ப குடியேறும், அதனால ஆரம்பத்துல மூணு மாசத்துக்கு ஒருதடவ போய்ப் பாக்கணும், நிலைமை நல்லா இருந்தா டாக்டர் இடைவெளிய நீட்டுவாரு. போகும்போது எந்தப் பல்லுல எத்தன மில்லிமீட்டர் பள்ளம் இருக்கு, எத்தன இடத்துல ரத்தம் வந்துச்சுன்னு கேட்டு அந்தச் சீட்ட வாங்கி பத்திரமா வச்சுக்கங்க, அடுத்த தடவ அளக்கும்போது 6 இருந்த இடம் 4 ஆச்சா இல்ல 7 ஆச்சான்னு ஒப்பிட்டுப் பாக்க அது வேணும், டாக்டர மாத்தினாலும் அந்தக் கணக்கு கைல இருக்கும்.